வலை மட்டும் வந்தது

பதினொரு பேரில் ஒருவர்கூட வரவில்லை. வலை மட்டும் வந்திருந்தது.

சலூன்காரர் டி.வி.க்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, தோளில் கிடந்த துண்டால் திரையைத் துடைத்துப் பார்த்தார். தூசி ஒன்றுமில்லை. பச்சை மைதானம் பளிச்சென்று இருந்தது. கோல் கம்பத்தில், அவர் மனைவி எப்போதோ ஆசைப்பட்டு வாங்கிப் போட்ட இளஞ்சிவப்பு வலை காற்றில் அசைந்துகொண்டிருந்தது. அதன் முன்னால் வரிசையாக நின்றவர்கள் யாரோ பையன்கள். மீசை அரும்பாதவர்கள். எல்லோருக்கும் ஒரே மாதிரி முடிவெட்டு. அதுவும் மட்டமான வெட்டு.

"டேய், யாருடா நீங்கள்லாம்?" என்றார்.

பையன்கள் நின்ற இடத்திலேயே குதித்து உடம்பைச் சூடாக்கிக்கொண்டார்கள்.

சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து தையல்காரம்மாவின் குரல் வந்தது. "என்ன அண்ணா, லீவு நாள்ல கடைக்குள்ள யாரைத் திட்டறீங்க?"

"யாரையும் இல்லம்மா. ரேடியோ."

"ரேடியோவையா திட்டறீங்க?"

"பாட்டு சரியில்ல."

தையல் இயந்திரம் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு மறுபடி ஓட ஆரம்பித்தது.

அந்தச் சலூனில் ஒரு வழக்கம் உண்டு. காத்திருக்கும் பெஞ்சில் உட்கார்ந்ததும் ஜாய்ஸ்டிக் கைக்கு வந்துவிடும். டி.வி.யில் கால்பந்து ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும். ஆடுகிறவருடைய முறை வந்து நாற்காலிக்குப் போகும்போது, பந்து எங்கே இருந்தாலும் சரி, எதிராளி கோலுக்குப் பாய்ந்துகொண்டிருந்தாலும் சரி, ஜாய்ஸ்டிக்கை அடுத்தவரிடம் கொடுத்துவிட்டு எழுந்துவிட வேண்டும். ஆட்டம் நிற்காது. ஒருவர் ஆரம்பித்ததை இன்னொருவர் முடிப்பார். ஒருவர் செய்த கூத்துக்கு இன்னொருவர் திட்டு வாங்குவார். கழுத்தில் துணி கட்டிய பிறகும் சிலருக்கு வாய் ஓயாது. "வலது பக்கம் குடுய்யா, வலது பக்கம்!" என்று நாற்காலியில் துள்ளி, காதோரத்தில் கீறல் வாங்கியவர்கள் பலர்.

இதையெல்லாம் ஆரம்பித்துவைத்தவர் சலூன்காரரின் மனைவி. கல்லாவில் உட்கார்ந்தபடியே, வருகிற வாடிக்கையாளர்களை ஒவ்வொருவராகப் பார்த்து, ஆட்டத்துக்குள் ஆட்களாகச் செய்தார். மூக்கை இழுப்பார், தாடையை அமுக்குவார், காதை விரிப்பார், தள்ளி உட்கார்ந்து பார்ப்பார், மறுபடி மூக்கைக் குறைப்பார். தபால்காரரைக் கோலுக்குப் பக்கத்தில் காவலுக்கு நிறுத்தினார். கையெழுத்து வாங்காமல் எதையும் உள்ளே விடமாட்டார் என்பது காரணம். டிரைவிங் ஸ்கூல் வாத்தியாரை நடு மைதானத்தில் போட்டார். அடுத்தவன் ஓடும்போது தான் பிரேக் போடுவதுதானே அவர் பிழைப்பு. இன்சூரன்ஸ் ஏஜென்டை முன்வரிசையில் நிறுத்தி, அவருடைய வழுக்கைத் தலையில் கழுத்துவரை புரளும் சுருட்டை முடியை வைத்துவிட்டார். அன்று முதல், கத்தரிக்கு வேலையே இல்லாத அந்தத் தலை வாரம் தவறாமல் கடைக்கு வந்தது.

சலூன்காரரைக் கோல்கீப்பராக்கினார்.

"நான் ஏன் ஓடக்கூடாது?" என்று கேட்டதற்கு, "நின்ன இடத்திலேயே நிக்கிற வேலைக்கு உங்களை விட்டா யாரு?" என்றார்.

அந்த அம்மாள் போய் ஒரு வருஷமாகிவிட்டது. கல்லா நாற்காலியில் இப்போது துவைத்த துண்டுகளை அடுக்கிவைக்கிறார்கள். அவர் புடவைகளைச் சொந்தக்காரர்கள் எடுத்துக்கொண்டார்கள். கடையில் அவர் கைப்படச் செய்தது என்று மிச்சமிருந்தது அந்தப் பதினொரு முகங்கள்தான். சலூன்காரர் ஆடமாட்டார், கையில் எப்போதும் கத்தரி இருக்கும். ஆனால் ஒரு தலையை முடித்து இன்னொரு தலையைத் தொடுவதற்கு நடுவில் திரையை ஒருதரம் பார்த்துக்கொள்வார்.

இந்த ஆட்டத்தில் உள்ள தொல்லை, வருஷத்துக்கு ஒரு புது ஆட்டம் வந்துவிடும். பெயர் அதேதான்; அட்டையில் சிரிக்கிறவர் மட்டும் வேறு. பழையதில் சேர்த்த ஆட்களையும் வாங்கிய சாமான்களையும் புதியதற்கு மாற்றிக்கொள்ள வேண்டும், வீடு மாறுகிற மாதிரி. மாறாமல் இருந்துவிட்டால், கொஞ்ச நாளில் பழைய ஆட்டத்தில் மோதுவதற்கு எதிராளியே கிடைக்கமாட்டார்கள். தெருவில் எல்லோரும் காலிசெய்துவிட்டுப் போன பிறகு ஒரு வீட்டில் மட்டும் விளக்கு எரிவது போல.

போன வருஷம், துக்கத்தில் கடை பூட்டிக் கிடந்த சமயம், வாடிக்கையாளர்களே சாவி வாங்கிக்கொண்டு போய் அந்த வேலையை முடித்துவிட்டார்கள். அவர் கடை திறந்தபோது பதினொரு பேரும் புது ஆட்டத்தில் பழையபடி நின்றார்கள். இந்த வருஷமும் டிரைவிங் வாத்தியார் முன்கூட்டியே சொல்லியிருந்தார்.

"அண்ணே, புது ஆட்டம் வந்தா நீங்க தொடாதீங்க. நாங்க பாத்துக்கறோம்."

"ஏன், எனக்குக் கை இல்லையா?"

"கை இருக்குண்ணே. அதான் பயமா இருக்கு."

அது சலூன்காரருக்குச் சுருக்கென்று தைத்தது. இத்தனை பேர் கழுத்தில் கத்தி வைக்கிற கை. ஒரு பொத்தானை அமுக்கத் தெரியாதா? விடுமுறை நாளன்று காலையில் போய், ஆட்டம் பதிந்த பழைய தட்டைக் கொடுத்துவிட்டுப் புதியதை வாங்கிவந்தார். திரை நீளமாக எதையோ படிக்கச் சொன்னது. அதன் அடிக்குப் போய் ஒப்புக்கொண்டார். 'கொண்டுவரலாமா?' என்றது. ஆம். 'இதை ஒருமுறைதான் செய்ய முடியும். உறுதியா?' என்றது. உறுதி.

அப்புறம்தான் வலை மட்டும் வந்தது.

அவர் ஆட்டப் பெட்டியை அணைத்துவிட்டு, ஷட்டரை இழுத்துவிட்டு, வீடியோ கேம் கடைக்கு ஓடினார்.

"காலைல குடுத்தேனே பழைய தட்டு, அதைத் திருப்பிக் குடுங்க."

"அது வித்துப்போச்சே" என்றார் கடைக்காரர்.

"அதுக்குள்ளயா? போன வருஷத்து ஆட்டத்தை யாரு வாங்கறா?"

"போன வருஷத்து ஆளுங்கதான்."

நல்லவேளையாக இன்னொரு தட்டு இருந்தது. அதைக் கொண்டுவந்து போட்டார். திரையில், 'இந்தக் கணக்கு இடம் மாறிவிட்டது' என்று ஒற்றை வரி வந்தது. பின்னால் வெறும் புல். அங்கே வலைகூட இல்லை. போன வருஷத்து ஆட்டத்தையும் இந்த வருஷத்து ஆட்டத்தையும் கையில் வைத்துக்கொண்டு, இரண்டிலும் ஆளில்லாமல் உட்கார்ந்திருந்த ஒரே மனிதர் அன்று அவராகத்தான் இருப்பார்.

அட்டையின் பின்பக்கத்தில் உதவிக்கு ஒரு எண் இருந்தது. நீண்ட இசைக்குப் பிறகு ஒரு பெண் குரல் வந்தது.

"என் ஆளுங்க பதினொரு பேரைக் காணோம்மா."

"வருந்துகிறோம் சார். போலீஸ்ல சொல்லிட்டீங்களா?"

"நிஜ ஆளுங்க இல்லம்மா. உங்க ஆட்டத்துல இருந்த ஆளுங்க."

"ஓ. ஒரு நிமிஷம் சார்." விசைகள் தட்டும் சத்தம். "உங்க பொருள் எல்லாமே வந்திருக்கே சார். ஒரு வலை. ஒரு விசில் சத்தம்."

"ஆளுங்க எங்க?"

"எங்ககிட்ட நீங்க வாங்கினது வரும் சார். நீங்களா செஞ்சது வராது."

"உங்ககிட்ட வாங்கின வலை வரும். நாங்க உக்காந்து செஞ்ச மூஞ்சி வராதா?"

"ஆமா சார். அது கொள்கை."

"போன வருஷம் வந்துச்சேம்மா. நானே என் கண்ணால பாத்தேன்."

"வந்திருக்காதே சார்."

"வந்துச்சுங்கறேன்."

"அப்ப ஏதாவது தப்பு நடந்து வந்திருக்கும் சார். வேற எதுலயாவது உங்களுக்கு உதவட்டுமா?"

"இதுலயே உதவலியேம்மா" என்று வைத்துவிட்டார்.

ஆக, வாடிக்கையாளர்கள் கைபட்டபோது வந்திருக்கிறது. தன் கைபட்டதும் போய்விட்டது. ஏதோ ஒரு வழி இருந்திருக்க வேண்டும். அதைத் தெரிந்துகொள்ள டிரைவிங் வாத்தியாரைக் கேட்க வேண்டும். கேட்டால் தொலைத்ததைச் சொல்ல வேண்டும். தொட வேண்டாம் என்று சொல்லித் தொட்டதைச் சொல்ல வேண்டும். அந்த அம்மாளின் கைவேலையை ஒரு பொத்தானில் அழித்த கதையை, அந்த முகங்களுக்குச் சொந்தக்காரர்களிடமே சொல்ல வேண்டும். அவரால் ஆகாத காரியம்.

மறுநாள் காலை டி.வி.யில் 'ரிப்பேர்' என்று ஓர் அட்டை தொங்கியது.

பெஞ்சில் உட்கார்ந்தவர்கள் கையை எங்கே வைப்பதென்று தெரியாமல் முழங்காலில் வைத்துக்கொண்டார்கள். பல் டாக்டரிடம் வந்தவர்கள் மாதிரி ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"என்னண்ணே ஆச்சு?" என்றார் தபால்காரர்.

"படம் வரல."

"சத்தம்?"

"அதுவும் வரல."

"செவப்பு லைட்டு எரியுதே?"

"அது மட்டும் வருது."

நடுவழியில் நின்றுபோன எதையும் டிரைவிங் வாத்தியாரால் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடியாது. பாதி சவரத்தில் எழுந்துபோய், தன் பயிற்சிக் காரில் ஒரு டி.வி. மெக்கானிக்கை ஏற்றிக்கொண்டு வந்துவிட்டார். ஒரு கன்னத்தில் நுரை காய்ந்திருந்தது.

சலூன்காரர் மனசுக்குள் ஓட்டிப் பார்த்தார். இப்போது இவன் பின்பக்கத்தைத் திறப்பான், ஒன்றுமில்லையே என்பான், போடுவான், இளஞ்சிவப்பு வலையும் பையன்களும் எல்லோர் முன்னாலும் வந்து நிற்பார்கள். மெக்கானிக்கின் காதருகே போய், "தம்பி, ஒரு சின்ன விஷயம்..." என்று ஆரம்பித்தார்.

"பேசக்கூடாது" என்றார் மெக்கானிக். "வேலை செய்யறப்ப யாரும் பேசக்கூடாது."

கழற்றினார். ஒரு கம்பியால் அங்கே தொட்டார், இங்கே தொட்டார். முகர்ந்து பார்த்தார். நெற்றியைச் சுருக்கினார். ஆனால் பெஞ்சு நிறைய ஆட்கள் மூச்சுவிடாமல் பார்த்துக்கொண்டிருக்கும்போது, ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டுப் போக எந்த மெக்கானிக்குக்கும் மனசு வராது.

"நல்லவேளை கூப்பிட்டீங்க. இன்னும் ரெண்டு நாள் விட்டிருந்தா வெடிச்சிருக்கும்."

"வெடிச்சிருக்குமா?" என்று உண்மையாகவே அதிர்ந்துபோய்க் கேட்டார் சலூன்காரர்.

"போர்டு போச்சு." பச்சையாக ஒரு பலகையைப் பிடுங்கிப் பையில் போட்டுக்கொண்டார். "பார்ட்ஸ் கிடைச்சதும் கொண்டாரேன்."

நன்றாக இருந்த டி.வி. அப்படித்தான் கெட்டது. பொய் சொன்னவருக்கு அது உண்மையாகிவிட்டதில் ஒரு நிம்மதிதான். அவகாசம் கிடைத்தது. ஆனால் பார்ப்பதற்குத் திரை இல்லை. கடைக்குப் பின்னால்தான் வீடு. ஆட்டப் பெட்டியைத் துண்டில் சுருட்டி எடுத்துக்கொண்டுபோய், படுக்கையறையில் இருந்த சின்ன டி.வி.யில் மாட்டினார். மத்தியானம் சாப்பாட்டுக்குக் கடையை மூடுகிற நேரத்தில், சாப்பிடாமல், முகங்களைச் செய்ய உட்கார்ந்தார். அவள் செய்தாள், நான் பார்த்து அதே மாதிரி செய்துவிட்டால் போகிறது என்று நினைத்தார்.

முதலில் தபால்காரர். உச்சியில் இரட்டைச் சுழி, பிடரியில் வலப்பக்கம் எதிர்த்து வளரும் முடி, காதுக்குப் பின்னால் ஒரு மேடு. எல்லாம் தத்ரூபமாக வந்தது. முன்பக்கம் திருப்பினார். அங்கே தபால்காரர் இல்லை.

அப்போதுதான் அவருக்கு உறைத்தது. இத்தனை வருஷமாக அவர் பார்த்துவந்தது இவர்களுடைய பின்மண்டையை. இருட்டில் தடவிக்கூட யார் தலை என்று சொல்லிவிடுவார். முகம் என்று வந்தால், எதிரே கண்ணாடியில் தெரிந்ததுதான்.

ஆகவே அடுத்த சில நாட்கள் அவர் கண்ணாடியை உற்றுப் பார்த்தார். பாதி வெட்டில் கத்தரி அந்தரத்தில் நிற்கும். அவர் பார்வை கண்ணாடியில் நிலைத்திருக்கும். உதடு எதையோ முணுமுணுக்கும்.

"அண்ணே, அந்தப் பக்கம் வெட்டியாச்சு. இந்தப் பக்கம் யூ டர்ன் அடிக்க இவ்வளவு நேரமா?" என்றார் டிரைவிங் வாத்தியார்.

"உங்களுக்குப் புருவம் நடுவுல சேருதா, சேரலையா?"

"ஏண்ணே, அதையும் வெட்டப்போறீங்களா?"

இன்சூரன்ஸ் ஏஜென்டின் மூக்கைச் சீப்பால் அளந்தபோது அவர் சீப்பைப் பிடித்துக்கொண்டார்.

"தம்பி, என்னப்பா பண்றே? எனக்குச் சிலை கிலை வைக்கப்போறியா?"

"சும்மா சார். லேசா தூசி."

"மூக்கு நீளத்துக்கா தூசி?"

சலூன்காரருக்குக் கண் மங்கிவருகிறது என்று பெஞ்சில் பேச்சுக் கிளம்பியது. தபால்காரர் கண்ணுக்குச் சொட்டு மருந்து கொண்டுவந்து கொடுத்தார். ஏஜென்ட், பார்வை போனால் பணம் வருகிற ஒரு பாலிசியைக் கொண்டுவந்து நீட்டினார்.

"கண்ணு நல்லாத்தான் இருக்கு சார்."

"நல்லா இருக்கிறப்பவே போட்டாத்தான் எடுத்துப்பாங்க."

ஒவ்வொரு முகமாக முடிந்தது. கடைசியில் கோல்கீப்பர். தன் முகம்தானே, சுலபம் என்று நினைத்தார். அலமாரிக் கண்ணாடியில் பார்த்துப் பார்த்து மூக்கை வைத்தார், மீசையை வைத்தார். அப்படியே அவராகத்தான் இருந்தது. ஆனால் அது அவள் செய்த முகமாக இல்லை. அவள் செய்ததில் வேறு எதுவோ இருந்தது. அவள் எங்கிருந்து பார்த்தாளோ அங்கிருந்து பார்த்தால்தான் அது தெரியும். கொஞ்ச நேரம் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பிறகு அதை அழித்துவிட்டு, மீசை அரும்பாத பையனையே கோலில் நிற்கவிட்டார்.

முகம் வந்துவிட்டால் போதுமா? பழைய ஆட்கள் முதல் வரிசை அணிகளோடு மோதியவர்கள். இந்தப் புதியவர்களுக்குப் பந்தை நிறுத்தவே தெரியவில்லை. இரண்டு ஆட்டம் ஜெயித்துக் கொஞ்சம் மேலே ஏற்றிவிடலாமென்று அவரே ஜாய்ஸ்டிக்கைப் பிடித்தார். கத்தரி பிடித்த கட்டைவிரல் சும்மா இருக்குமா? வெட்டிக்கொண்டே இருந்தது. விரல் ஒவ்வொரு முறை வெட்டும்போதும் திரையில் யாராவது யாரையாவது உதைத்தார்கள். தபால்காரர் எதிராளி முழங்காலில் உதைத்து வெளியேற்றப்பட்டார். டிரைவிங் வாத்தியார் நடுவரை உதைத்து வெளியேற்றப்பட்டார். மூன்றாவது ஆட்டத்தின் முடிவில் அணி கடைசிப் பிரிவின் கடைசி இடத்துக்குப் போனது. அதற்குக் கீழே போக இடமில்லை என்பதால் அங்கேயே நின்றது.

அந்த நிலைமையில்தான், ஒரு காலைநேரம், கடையில் ஆள் நிறைந்திருக்கும்போது, மெக்கானிக் பலகையைக் கொண்டுவந்து மாட்டினார்.

"புது டி.வி. மாதிரி ஆயிடுச்சு" என்றார்.

டிரைவிங் வாத்தியார் கையைத் தேய்த்துக்கொண்டார். "அண்ணே, பெட்டி எங்க? புது ஆட்டமும் வந்தாச்சாம். இன்னைக்கு நாங்க..."

"மாத்திட்டேன்" என்றார் சலூன்காரர். "நானே. எல்லாம் நல்லபடியா வந்துச்சு."

டிரைவிங் வாத்தியார், தபால்காரர், ஏஜென்ட் மூன்று பேரும் ஒரே நேரத்தில் அவரைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"வந்துச்சா?" என்றார் தபால்காரர்.

"வராம?"

"எல்லாருமா வந்தாங்க?" என்றார் ஏஜென்ட்.

"வாங்களேன், பாருங்க."

போட்டார். இளஞ்சிவப்பு வலை அசைந்தது. ஆட்கள் ஒவ்வொருவராக மைதானத்துக்குள் நடந்துவந்து, முகத்தைக் காட்டிவிட்டு நின்றார்கள்.

"நான் நல்லா இருக்கேன்" என்றார் டிரைவிங் வாத்தியார் வியப்போடு. "தபால்காரரே, உமக்குத்தான் என்னமோ ஆயிருக்கு. கன்னத்துல இருக்கிற மச்சம் ஏன் அந்தப் பக்கம் போச்சு?"

"என் மச்சம் சரியாத்தான் இருக்கு. தெனம் கண்ணாடியில பாக்கறேன், எனக்குத் தெரியாதா? உம்ம வகிடுதான் இடம் மாறியிருக்கு."

"என் வகிடா? நான் தெனம் சீவற வகிடுய்யா அது! சரியா இருக்கு."

"நான் எதிர்ல நின்னு பாக்கறவன் சொல்றேன், இடம் மாறியிருக்கு."

"நீர் எதிர்ல நின்னு பாக்கறது கடுதாசியை. என்னை எங்க பாத்தீர்?"

அவரவர் முகம் அவரவருக்குச் சரியாக இருந்தது. அடுத்தவர் முகம்தான் கோணலாக இருந்தது. உறவினர் வீட்டுக் கல்யாண போட்டோவைப் பார்க்கிறவர்கள் போலச் சத்தம் போட்டார்கள். தபால்காரர் எழுந்து போய்ச் சுவர்க் கண்ணாடியில் தன்னைப் பார்த்தார். திரையைப் பார்த்தார். மறுபடி கண்ணாடியைப் பார்த்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்.

"நாம எல்லாரும் கண்ணாடிக்குள்ள இருக்கிற மாதிரி இருக்கோம்."

சலூன்காரர் கத்தரியைச் சீப்பாலும் சீப்பைத் துண்டாலும் துடைத்துக்கொண்டிருந்தார்.

கடைசியாக ஏஜென்ட் மைதானத்துக்குள் வந்தார். அரங்கத்தின் அத்தனை விளக்குகளும் அவர் தலையில் தெரிந்தன. வாரா வாரம் தடவிய தலை. அதில் முடி வைக்க வேண்டும் என்று சலூன்காரரின் கைக்குத் தோன்றவேயில்லை.

ஏஜென்ட் தன் தலையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார், இங்கேயும் ஏதாவது குறைந்திருக்குமோ என்பது போல.

"உங்க வீட்டம்மா எனக்கு முடி வச்சிருந்தாங்களே, தம்பி" என்றார்.

கோபமாகச் சொல்லியிருந்தால் சலூன்காரர் இன்னொரு பொய் சொல்லியிருப்பார். அவர் அப்படிச் சொல்லவில்லை. சலூன்காரர் கத்தரியை வைத்தார். வாடிக்கையாளர் நாற்காலியில், அத்தனை வருஷத்தில் முதல் தடவையாக, தானே உட்கார்ந்தார்.

"தொலைச்சுட்டேன்" என்றார். "வலை மட்டும்தான் வந்துச்சு. தொடாதீங்கன்னு சொன்னீங்க. நான் தொட்டேன். அவ கையால செஞ்சதுன்னு கடையில அது ஒண்ணுதான் இருந்துச்சு. அதையும் நானே ஒரு பொத்தானை அமுக்கி... இதெல்லாம் நான் செஞ்சது. எனக்கு உங்க மூஞ்சி கண்ணாடியிலதான் தெரியும்."

டிரைவிங் வாத்தியார் தபால்காரரைப் பார்த்தார். தபால்காரர் ஏஜென்டைப் பார்த்தார். ஏஜென்ட் கூரையைப் பார்த்தார்.

"சொல்லிடுங்க" என்றார் தபால்காரர்.

"நான் ஏன்?" என்றார் டிரைவிங் வாத்தியார். "ஜாய்ஸ்டிக் உம்ம கையிலதான் இருந்துச்சு."

"உறுதியான்னு கேட்டப்ப உறுதின்னு சொன்னது யாரு?"

"என்ன சொல்லணும்?" என்றார் சலூன்காரர்.

டிரைவிங் வாத்தியார் தொண்டையைச் செருமினார். "அண்ணே, தப்பா எடுத்துக்காதீங்க. அண்ணி செஞ்சது எல்லாம் போன வருஷமே போயிடுச்சு."

"போன வருஷம் நல்லா வந்துச்சே?"

"எங்க வந்துச்சு? உங்ககிட்ட சாவி வாங்கிட்டு வந்து அமுக்கினோம். வலை மட்டும் வந்து நின்னுச்சு. நீங்க அப்ப இருந்த இருப்புல உங்ககிட்ட வந்து என்னன்னு சொல்றது? ஷட்டரைப் போட்டுக்கிட்டு, ஒருத்தர் மூஞ்சியை ஒருத்தர் பாத்து, எல்லாத்தையும் செஞ்சு முடிச்சோம். ஆடி ஆடி மேல ஏத்தினோம். இவரு தபாலைக்கூட ஒருநாள் லேட்டாத்தான் குடுத்தாரு. அதனால கவலைப்படாதீங்க. நீங்க தொலைச்சது எங்க டூப்ளிகேட்டு."

சலூன்காரர் சுழல் நாற்காலியில் மெதுவாக அரைவட்டம் திரும்பினார்.

"அந்த முடி?"

"நானே வச்சுக்கிட்டேன்" என்றார் ஏஜென்ட். "கொஞ்சம் நீளமாவே வச்சேன்."

"கோல்கீப்பர்?"

"உங்க லைசென்ஸ் போட்டோவைப் பாத்துச் செஞ்சோம்ணே" என்றார் டிரைவிங் வாத்தியார். "சிரிக்க வைக்கத்தான் ரொம்பக் கஷ்டப்பட்டோம்."

"அப்ப ஒரு வருஷமா என்னை ஏமாத்தியிருக்கீங்க."

"நீங்க ஒரு வாரமா எங்களை ஏமாத்தலையா?"

சலூன்காரருக்குச் சிரிப்பு வந்தது. அதோடு சேர்ந்து வேறொன்றும் வந்தது. துண்டை எடுத்து முகத்தில் வைத்துக்கொண்டார். "அப்ப அவ செஞ்சது போயே போச்சு. எனக்குத்தான் தெரியல. யாரோ செஞ்சதை அவ செஞ்சதுன்னு பாத்துக்கிட்டிருந்திருக்கேன்" என்று துண்டுக்குள்ளிருந்து சொன்னார்.

தைத்து முடித்த கழுத்துத் துணிகளைக் கொடுக்க வந்த தையல்காரம்மா எப்போதிலிருந்தோ வாசலில் நின்றுகொண்டிருந்தார். உள்ளே வந்து, துணிகளைக் கல்லா நாற்காலியில் வைத்தார். திரையில் இருந்த முகங்களை ஒரு பார்வை பார்த்தார்.

"இதுக்கா அண்ணா அழறீங்க?" என்றார். "அதுக்கு முந்தின வருஷமே அவ மொத்தத்தையும் தொலைச்சுட்டு, என் கடையில வந்து உக்காந்து ஒரு மூச்சு அழுதுட்டு, 'அந்த மனுஷன் தாங்க மாட்டாரு, அவரு காதுல மட்டும் போட்டுடாதே'ன்னு எங்கிட்ட சத்தியம் வாங்கிட்டுத்தானே எல்லாத்தையும் முதல்லேருந்து செஞ்சா!"